தெரியாது என்பதற்கு நம்பர் இல்லை

நோயாளியின் நாடியைப் பிடிக்காமல், ஊசி போடாமல், ஒரு போத்தல் மருந்துகூடக் கலக்காமல் அவருக்கு என்ன நடந்தது என்று முடிவு கட்டுகிற ஆள் எல்லா ஆஸ்பத்திரியிலும் ஒருவர் உண்டு. அவர்தான் நம்பர் போடும் கிளார்க்கு.

லிந்துலைப் பக்கம் நாலைந்து தோட்டங்களுக்குப் பொதுவாக இருந்த ஆஸ்பத்திரியில், ஐம்பதுகளின் நடுவிலிருந்து பத்து வருடம் அந்த ஆள் நான்தான். அப்பா தோட்டத்தில் கணக்கப்பிள்ளை. என்னை ஹட்டனில் விட்டுப் படிக்க வைத்தார். நர்ஸாகலாம் என்றால் ரத்தத்தைக் கண்டால் எனக்குத் தலை சுற்றும். டீச்சராகலாம் என்றால் பிள்ளைகளை அடக்கும் குரல் இல்லை. இரண்டும் தேவைப்படாத நாற்காலி ஆஸ்பத்திரியின் பின் அறையில் ஒன்று இருந்தது. அதில் போய் உட்கார்ந்தேன்.

வேலை இதுதான். குணமாகி வீட்டுக்குப் போனாலும், போகாமலே முடிந்துபோனாலும், நோயாளியின் டிக்கெட், அதாவது அவருடைய நோய்க் குறிப்பு எழுதிய தாள், என் மேசைக்கு வரும். அதில் டாக்டர் எழுதியிருக்கும் நோயின் பெயரை, உலகம் முழுவதற்கும் பொதுவான ஒரு தடித்த புத்தகத்தில் தேடி, அதற்குரிய நம்பரைப் பதிய வேண்டும். மாதக் கடைசியில் எல்லாவற்றையும் சேர்த்துக் கொழும்புக்கு அனுப்ப வேண்டும். நிமோனியாவுக்கு ஒரு நம்பர், கொக்கிப்புழுவுக்கு ஒரு நம்பர் என்று எல்லாம் சுலபமாகவே போகும். மருந்தோ விஷமோ வயிற்றுக்குள் போயிருந்தால் மட்டும் இரண்டு நம்பர் கேட்பார்கள். உள்ளே போனது என்ன என்பதற்கு ஒன்று. எப்படிப் போனது என்பதற்கு இன்னொன்று. அந்த இரண்டாவதற்கு ‘ஈ’ நம்பர் என்று பெயர். தவறுதலாகப் போனதா, தானே விரும்பிக் குடித்ததா, பிறர் கொடுத்ததா என்று மூன்று வாசல்கள் அதற்கு. ‘தெரியவில்லை’ என்று ஒரு வரி அந்தப் புத்தகத்தில் எந்தப் பக்கத்திலும் இல்லை.

ஏதாவதொரு கந்தோரில் உட்கார்ந்து கட்டம் போட்ட காகிதத்துக்குள் ஆட்களை அடக்கப் பார்த்தவர்கள் இதை வாசிக்கிறவர்களில் இருப்பீர்கள். உங்களையே யாராவது அப்படி ஒரு கட்டத்துக்குள் அடக்கப் பார்த்து, முழங்கை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டு நின்ற அனுபவமும் இருக்கும். உங்களுக்கு நான் அதிகம் விளக்கத் தேவையில்லை.

கடை விளையாட்டு

வேலைக்குச் சேர்ந்து இரண்டாவது மாதம். ராமாயி என்ற கொழுந்து பறிக்கும் பெண், நிறைமாத வயிற்றோடு, மூன்று வயது மகனைத் தூக்கிக்கொண்டு மலை இறங்கி ஓடி வந்தாள். கர்ப்பிணிகளுக்கு ரத்தம் ஊறுவதற்கு நாங்களே கொடுக்கிற இரும்பு மாத்திரையை அவன் அள்ளி விழுங்கியிருந்தான். அந்த மாத்திரைக்கு மேலே சீனிப் பூச்சு. பார்க்கக் கடை மிட்டாய் மாதிரியே இருக்கும். பெரியவர்களுக்குத் தெம்பு தருகிற அதே மாத்திரை சின்னப் பிள்ளையின் உயிருக்கே ஆபத்து என்பது எனக்கே அன்றுதான் தெரியும். டாக்டரும் நர்ஸும் வயிற்றைக் கழுவினார்கள். இரண்டு நாள் ராமாயி கட்டிலின் காலைப் பிடித்துக்கொண்டு தரையிலேயே உட்கார்ந்திருந்தாள். மூன்றாம் நாள் காலையில் பையன் எழுந்து ரொட்டி கேட்டான்.

டிக்கெட் என்னிடம் வந்தது. எப்படி நடந்தது என்று கேட்டேன். தொழிலாளர் வீடுகள் வரிசையாக நிற்கிற லயத்து வாசலில் பிள்ளைகள் கடை விளையாட்டு விளையாடியிருக்கிறார்கள். ஐந்து வயது அக்காதான் கடைக்காரி. அம்மாவின் மாத்திரைப் போத்தலை எடுத்து வந்து, கொட்டாங்கச்சியால் அளந்து தம்பிக்குக் கொடுத்திருக்கிறாள். எனக்கோ புத்தகத்தைப் படித்த புதுசு. தானே எடுத்துத் தின்றால் தவறுதல். இன்னொரு ஆள் கையால் கொடுத்தால்? அந்த வாசலைத் திறந்து பார்த்தேன். அது கொலைகாரர்களுக்கு உரிய பக்கமாக இருந்தது. பேனாவை அந்தப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நான் யோசிப்பதை ராமாயி பார்த்துவிட்டாள். அவளுக்கு இங்கிலீஷ் வாசிக்கத் தெரியாது. என் முகத்தை வாசித்தாள். நான் தவறுதல் பக்கத்துக்குத் திரும்புவதற்குள் மேசைக்குப் பக்கத்தில் வந்து மெதுவாகச் சொன்னாள்:

“மூத்தவ பேர எழுதிடாதீங்கக்கா. தம்பிக்குப் பசிக்குமேன்னுதான் கொஞ்சம் கூடவே அளந்து குடுத்திருக்கா.”

இரண்டு குற்றவாளிகள்

எங்கள் டிஸ்பென்சர் ஐயா யாழ்ப்பாணத்துக்காரர். மருந்து கலக்கும் அறையைக் கோயில் மூலஸ்தானம் போல வைத்திருப்பார். செருப்போடு யாரையும் உள்ளே விடமாட்டார். அப்படிப்பட்டவரின் கையால் போன மருந்தில்தான் அந்தக் குழப்பம் நடந்தது. தேயிலைத் தொழிற்சாலைக் காவல்காரர் சின்னையாவுக்கு இருமலும் இருந்தது, முழங்கால் வலியும் இருந்தது. இருமலுக்குக் குடிக்க ஒரு போத்தல், காலில் பூச ஒரு போத்தல் என்று வாங்கிக்கொண்டு போனார். மறுநாள் அவரை ஸ்ட்ரெச்சரில் கொண்டு வந்தார்கள். பூசுகிற தைலத்தைக் குடித்திருந்தார். வார்டு முழுவதும் அந்தத் தைலத்தின் வாசனை. மனிதர் மூச்சு வாங்கிக்கொண்டு, காது இரைகிறது என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார்.

லேபிளை மாற்றி ஒட்டினாரா டிஸ்பென்சர், அல்லது சரியாக ஒட்டிய போத்தலைச் சின்னையா மாற்றி எடுத்தாரா? தோட்டத்தை நடத்துகிற துரை காதுக்குப் போனால் டிஸ்பென்சரின் வேலைக்கு ஆபத்து. போத்தல்களைக் கொண்டு வரச் சொன்னோம். வழியில் மழையில் நனைந்து இரண்டிலும் லேபிள் உரிந்துபோயிருந்தது. டிஸ்பென்சர் என் அறைக்கு வந்து, தானேதான் மாற்றி ஒட்டியிருக்க வேண்டும் என்றும், அன்றைக்குக் கூட்டம் அதிகம் என்றும், அப்படியே எழுதிவிடும்படியும் சொன்னார். சின்னையாவிடம் போனால் அவர் அதற்கு மேல். கண் மங்கலில் தானேதான் மாற்றிக் குடித்ததாக அடித்துச் சொன்னார். அவருடைய மனைவி நெருப்புக் காய்ச்சலில் கிடந்தபோது இருபது நாள் வீட்டுக்கே நடந்து வந்து மருந்து கொடுத்தவராம் இந்த டிஸ்பென்சர். பழியை ஏற்றுக்கொள்ள இரண்டு பேர் வரிசையில் நின்ற ஒரே வழக்கு என் வாழ்க்கையில் அதுதான்.

எப்படிப் பார்த்தாலும் அது தவறுதல்தான் என்பதால் எனக்கு நம்பர் போடுவதில் சிரமம் இருக்கவில்லை. சின்னையா பிழைத்தார். டிஸ்பென்சர்தான் ஒரு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. அதற்குப் பிறகு பூசுகிற மருந்துப் போத்தல் ஒவ்வொன்றின் கழுத்திலும் சணல் கயிற்றால் மூன்று முடிச்சுப் போட்டுத்தான் கொடுத்தார். எழுத்துத் தெரியாதவருக்கும் கண் தெரியாதவருக்கும் விரலுக்குத் தெரியட்டும் என்று. ஒரு கட்டுக் கயிற்றோடு அவர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, லேபிளை நீங்கள் சரியாகவே ஒட்டியிருக்கலாமே என்று நான் ஆறுதலாகச் சொன்னேன். அவர் நிமிராமலே சொன்னார்:

“ஒட்டியிருப்பன் பிள்ளை. ஆனா சரியா ஒட்டினனான் எண்டு நினைச்சால் பிறகு கயிறு கட்டமாட்டன்.”

ஒரு நாள் துரை

தலவாக்கலைச் சந்தைக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் மருந்து விற்கிற ஆள் ஒருவர் வருவார். ஒரே லேகியம் எல்லா நோய்க்கும் கேட்கும். தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டும் மாரிமுத்து பல வருடமாக மூச்சிழுப்பு நோயால் கஷ்டப்பட்டவர். அந்த லேகியத்தை வாங்கி, சொன்ன அளவுக்கு மேலே சாப்பிட்டாரோ, சொன்ன அளவே அதிகமோ, பின்னேரம் அவரை நாலு பேர் பிடித்துக்கொண்டு வந்தார்கள். கண்மணி இரண்டும் விரிந்து, முகம் சிவந்து, நிற்காமல் பேசிக்கொண்டிருந்தார். ஊமத்தையாக இருக்கும் என்றார் டாக்டர்.

மாரிமுத்து அதுவரை யாரையும் எதிர்த்து ஒரு வார்த்தை பேசி அறியாத மனிதர். அன்றைக்கு அவர் பெரிய துரையாகிவிட்டார். வார்டையே, காலையில் ஆளெடுக்கும் பெரட்டுக்களமாக்கி, ஆட்களை வேலைக்குப் பிரித்தார். கவ்வாத்துக்கு இருபது பேர், புல்லு வெட்டப் பத்துப் பேர், தண்ணீர்க் கான் வெட்ட ஆறு பேர். எதிர்க் கட்டிலில் கால் முறிந்து கிடந்தவர் அவருடைய சொந்தக் கங்காணி. அவரைப் பார்த்து, பிந்தி வந்ததற்கு அரை நாள் பேர்தான், பாதிக் கூலிதான் விழும் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். கங்காணியும் நல்ல மனிதர்; கட்டிலில் படுத்தபடியே சரிங்க தொரை என்றார். மறுநாள் தெளிந்ததும் மாரிமுத்து கண்ணைத் திறந்து, கங்காணியைப் பார்த்து, போர்வையைத் தலை வரைக்கும் இழுத்து மூடிக்கொண்டார்.

உள்ளே போன மருந்தின் பெயர் தெரியாது என்று டாக்டர் எழுதினார். அதற்குப் புத்தகத்தில் தாராளமாக நம்பர் இருந்தது. மருந்து தெரியாவிட்டால் புத்தகத்துக்குப் பரவாயில்லை. மனசு தெரியாவிட்டால்தான் அதற்குப் பிடிக்காது. மாரிமுத்துவைக் கூட்டிக்கொண்டு போகும்போது அவருடைய மனைவி செல்லம்மா என் ஜன்னலுக்குப் பக்கத்தில் நின்று, சுற்றும் முற்றும் பார்த்துவிட்டுக் கேட்டாள்:

“அந்த மருந்துல துளியோண்டு குடுத்தா ஆபத்தாக்கா? கல்யாணம் கட்டிப் பதினாறு வருஷத்துல அவரு பேசி நேத்துத்தான் கேட்டேன்.”

வலிப்பு மாத்திரை

இந்த ஒன்றைச் சொல்லத்தான் மற்றதையெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தேன்.

பார்வதிக்கு அப்போது இருபத்திரண்டு வயது இருக்கும். சின்ன வயதிலிருந்தே வலிப்பு. எங்கள் ஆஸ்பத்திரியில்தான் மாத்திரை வாங்குவாள். அந்த வருடம் அவளுக்குப் பிறந்த குழந்தை ஒன்பது நாள்தான் இருந்தது. அதற்குப் பிறகு சில வாரம் கழித்து, மத்தியானம் கொழுந்தை எடை போட்டுக் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்த மாமியார், இவள் எழுப்பியும் எழும்பாமல் கிடப்பதைப் பார்த்திருக்கிறாள். பக்கத்தில் மாத்திரைப் போத்தல் குறைந்துபோய்க் கிடந்தது. கம்பளியில் போட்டு, புருஷனும் மாமியாரும் லயத்து ஆட்களும் தூக்கிக்கொண்டு வந்தார்கள். டாக்டர் இரண்டு நாள் குவாட்டர்ஸுக்குப் போகவில்லை. அவர் மாத்தறைப் பக்கத்துச் சிங்களவர். எங்களிடம் வந்து தமிழ் படித்தவர். மூன்றாம் நாள் பார்வதி கண்ணைத் திறந்து மாமியாரைப் பார்த்தாள். மாமியார் சத்தம் போடாமல் அழுதாள்.

அன்றைக்கே கான்ஸ்டபிள் வந்தார். தற்கொலைக்கு முயல்வது சட்டப்படி குற்றமாக இருந்த காலம். அப்படித்தான் என்று ஆஸ்பத்திரிப் பதிவில் இருந்தால் அவர் வழக்கு எழுத வேண்டும். டாக்டர் பிரசவ அறையில் இருந்ததால் கான்ஸ்டபிள் என் மேசைக்கு முன்னால் உட்கார்ந்து, என்ன நம்பர் போட்டிருக்கிறீர்கள் என்று கேட்டார். நான் இன்னும் போடவில்லை. வலிப்பு வந்தால் இவளுக்கு ஒன்றும் நினைவிருக்காது, மறந்துபோய் மறுபடி மறுபடி போட்டுக்கொண்டாள் என்று மாமியார் கதவருகில் நின்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள். புருஷன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். நான் எழுந்து வார்டுக்குப் போனேன். பார்வதியின் கட்டிலில் உட்கார்ந்து, கான்ஸ்டபிள் வந்திருப்பதையும் நான் எழுத வேண்டியிருப்பதையும் சொன்னேன். என்ன சொன்னாலும் அதைத்தான் எழுதுவேன், பயப்படாதே என்றேன்.

“வலிப்பு வந்து எந்திரிச்சேன். போத்தல் கையில இருந்திச்சு. ஒண்ணு போட்டது நெனப்பு இருக்கு. பொறகு புள்ள நெனப்பு வந்திச்சு. அதுக்குப் பொறகு என்ன நெனச்சு என்ன செஞ்சேன்னு எனக்கே தெரியலக்கா. அத எழுத எடம் இருந்தா அதையே எழுதுங்க” என்றாள்.

இடம் இல்லை என்று அவளிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. டாக்டர் வெளியே வந்ததும் அவள் சொன்னதை ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் சொன்னேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு பேனாவை எடுத்தார். பிறகு டிக்கெட்டில், வலிப்புக்குப் பின்னால் ஏற்படும் மனக் குழப்பத்தில் நடந்தது, எண்ணம் எதுவென்று நோயாளிக்கும் தெரியவில்லை, என்னாலும் தீர்மானிக்க முடியவில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். இனிமேல் மாத்திரையை வாரத்துக்கு வாரம்தான் தரவேண்டும், போத்தல் மாமியார் கையில் இருக்க வேண்டும், பார்வதி வரும்போதெல்லாம் தன்னிடம் உட்கார்ந்து பேசிவிட்டுப் போக வேண்டும் என்றும் உத்தரவு போட்டார். கான்ஸ்டபிள் டிக்கெட்டை இரண்டு தடவை வாசித்தார். வேண்டுமானால் அவர் தோண்டியிருக்கலாம். புருஷனைத் தனியாகக் கூப்பிட்டு மிரட்டியிருக்கலாம். அவர் தன் புத்தகத்தை மூடி, தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தார். சிங்களமும் தமிழும் கலந்து அவர் சொன்னது இன்றும் என் காதில் இருக்கிறது:

“டாக்டர் மாத்தயாவுக்குத் தெரியாது. மிஸ்ஸுக்குத் தெரியாது. அந்தப் பிள்ளைக்கும் தெரியாது. எனக்கு மட்டும் எப்படித் தெரியும்?”

அலுவலகக் கேள்வி அல்ல

கான்ஸ்டபிள் போய்விட்டார், புத்தகம் போகவில்லை. பார்வதியின் வரியில் ‘ஈ’ நம்பர் எழுதும் இடத்தை வெறுமையாக விட்டு மாத அறிக்கையை அனுப்பினேன். கொழும்பிலிருந்து ஒரு பச்சைக் காகிதத் துண்டு வந்தது. வெற்றிடம் ஏற்றுக்கொள்ளப்படமாட்டாது, மூன்றில் ஒன்றைத் தெரிவுசெய்து அனுப்பவும். தெரியவில்லை என்று எழுதி அனுப்பினேன். இரண்டாவது துண்டு வந்தது. அப்படி ஒரு வகை இல்லை. மறுபடியும் அதையே எழுதினேன். மூன்றாவது துண்டில் என் பெயரைக் கேட்டிருந்தார்கள். அப்பா அந்தத் துண்டை வாங்கிப் பார்த்துவிட்டு, ஏதாவதொரு நம்பரைப் போட்டுத் தொலைத்திருக்கக் கூடாதா என்றார். அவர் பயந்ததில் தப்பில்லை. எனக்குக் கீழே இரண்டு தங்கைகள் இருந்தார்கள்.

நான் பெயரையும் எழுதி, கூடவே எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் இரண்டு பக்கம் எழுதினேன். நோயாளியின் பெயரைச் சொல்லாமல் நடந்ததையெல்லாம் சொன்னேன். தவறுதல் என்று எழுதினால் அவளுடைய துக்கத்தை நான் இல்லை என்று சொல்வதாகும், மற்றதை எழுதினால் அவள் சொல்லாததை நான் சொல்வதாகும் என்று எழுதினேன். தபாலில் போட்டேன். மூன்று வாரம் தபால்காரரைக் கண்டாலே பயமாக இருந்தது.

பதில் கையெழுத்தில் வந்தது. எழுதியவர் அந்தக் கந்தோரில் ஓர் அதிகாரி, பெண். நான் அனுப்பியது போன்ற கேள்வி நாட்டின் எல்லா மூலையிலும் இருக்க வேண்டும், ஆனால் பெரும்பாலானவர்கள் கேட்காமலே ஒரு நம்பரைப் போட்டு அனுப்பிவிடுகிறார்கள், வெற்றிடம் விட்டவர்கள் மீதுதான் தனக்கு நம்பிக்கை என்று எழுதியிருந்தார். புத்தகம் மாறும்வரை தவறுதலில் சேர்த்துவிடும்படியும், இப்படிப்பட்டவற்றை மட்டும் தனிப் பட்டியலாக எழுதித் தன் பெயருக்கு அனுப்பும்படியும், அதைத் தான் பத்திரமாக வைத்திருப்பதாகவும் சொல்லியிருந்தார். கையெழுத்துக்குக் கீழே ஒரு வரி தனியாக இருந்தது:

“அந்தப் பெண் இப்போது எப்படி இருக்கிறாள்? இது அலுவலகக் கேள்வி அல்ல.”

என் டிக்கெட்

நன்றாக இருக்கிறாள், கொழுந்துக்குப் போகிறாள், செவ்வாய்க்கிழமை தோறும் டாக்டரிடம் உட்கார்ந்து பேசிவிட்டுப் போகிறாள் என்று அடுத்த அறிக்கையோடு எழுதி அனுப்பினேன். அதற்குப் பிறகு பல வருடம், முகம் தெரியாத அந்த அம்மாவுக்கு ஒவ்வொரு மாதமும் என் தனிப் பட்டியல் போயிற்று. சில மாதம் அதில் ஒரு வரியும் இருக்காது. ஒன்றும் இல்லை என்று எழுதுவதில் எனக்கிருந்த சந்தோஷம் வேறு எதிலும் இருந்ததில்லை.

ஒரு ஜூலை மாதம், லிந்துலை மழையில் எனக்கே காய்ச்சல் வந்தது. தலை பிளக்கிற வலி. மாத்திரை போட்டேன், தூங்கினேன், எழுந்தேன், போட்டேன். இப்படி ஒன்றரை நாள். பிறகு காதுக்குள் வண்டு பறக்கிற மாதிரி ஓர் இரைச்சல், வாந்தி, மூச்சு முட்டல். வார்டில் வேலை பார்க்கும் சுப்பையா அண்ணன்தான் என்னைத் தள்ளுவண்டியில் வைத்துக் கொண்டு போனார். டாக்டர் டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு, எத்தனை மாத்திரை, எந்த எந்த நேரம், தெரிந்து போட்டதா மறந்து போட்டதா என்று கேட்டார். நூறு பேரிடம் நான் கேட்ட கேள்வி. யோசித்து யோசித்துப் பார்த்தேன். எண்ணவில்லை. வலி போக வேண்டும் என்பதைத் தவிர ஒன்றும் நினைவில்லை. தெரியவில்லை டாக்டர் என்றேன். அந்த ஒரு வார்த்தையைச் சொல்ல எவ்வளவு வெட்கமாக இருக்கும் என்பது அந்தக் கட்டிலில் படுத்தபோதுதான் எனக்குத் தெரிந்தது. இத்தனை வருடம் என் மேசைக்கு முன்னால் நின்று அதைச் சொன்னவர்களை எல்லாம் நினைத்துக்கொண்டேன். டாக்டர் எழுதுவதை நிறுத்திவிட்டு, டிக்கெட்டை என் தலையணைக்குப் பக்கத்தில் வைத்தார்:

“மிஸ் எழும்பின பொறகு நீங்களே நம்பர் போடுங்க. நான் கையெழுத்து மட்டும் போடுறது.”

புது வரி

அறுபதுகளின் நடுவில் ஒரு நாள் கொழும்பு அம்மாவிடமிருந்து கடிதம் வந்தது. உலக நாடுகள் கூடிப் புத்தகத்தைத் திருத்துகின்றனவாம். அதில் ஒரு புதிய வரிசை வருகிறதாம். தவறுதலா, வேண்டுமென்றே நடந்ததா என்று தீர்மானிக்கப்படாதது. பாவனைக்கு வர இன்னும் சில வருடம் ஆகும், ஆனால் வருவது நிச்சயம் என்று எழுதியிருந்தார். எங்கள் பட்டியல்களை என்ன செய்தார், யாரிடம் காட்டினார் என்றெல்லாம் ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கடிதத்தை எடுத்துக்கொண்டு ஓட்டமும் நடையுமாக மருந்து அறைக்குப் போனேன். செருப்போடு உள்ளே போய்விட்டேன். டிஸ்பென்சர் ஐயா என் செருப்பைப் பார்த்துவிட்டுக் கடிதத்துக்குக் கை நீட்டினார். டாக்டரும் வந்தார். நின்றபடியே மூன்று பேருமாகத் தேத்தண்ணீர் குடித்தோம்.

அது இரண்டு அரசாங்கமும் பேசி, மலையகத்து ஆட்களில் யார் இந்தியாவுக்கு, யார் இலங்கைக்கு என்று பிரிக்க ஒப்பந்தம் செய்திருந்த காலமும்கூட. எழுதத் தெரிந்தவள் என்று என் மேசைக்கு முன்னால் பின்னேரங்களில் கூட்டம் நிற்கும். நோயாளிகளைவிட அந்தக் கூட்டம்தான் அதிகம். மனு எப்படி எழுதுவது, எந்தப் பக்கத்துக்கு எழுதுவது என்று கேட்பார்கள். பாதிப் பேரின் பிறப்புச் சாட்சியம் எங்கள் ஆஸ்பத்திரிப் பதிவில்தான் இருந்தது. சுப்பையா அண்ணனும் ஒரு நாள் வந்து நின்றார். பிறந்தது இந்தத் தோட்டம். அப்பா வந்தது திருச்சிப் பக்கமிருந்து என்பது தவிர ஊர்ப் பெயர் தெரியாது. மகள் கட்டிப்போனது பதுளைக்கு. அந்தச் சம்பந்தி வீடு மண்டபம் முகாம் வழியாக இந்தியா போக முடிவு கட்டியாயிற்று. எங்கே போக ஆசை என்று கேட்டேன். அன்று மருந்து அறைக்குத் தேத்தண்ணீர் கொண்டு வந்தவர் அவர்தான் என்பதால் புது வரியின் கதை முழுவதும் அவருக்குத் தெரியும். தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு, விளையாட்டாகவும் இல்லாமல் அழுகையாகவும் இல்லாமல் சொன்னார்:

“இதுலயும் ரெண்டே கட்டந்தான் வச்சிருக்காங்க தாயி. அந்தக் கொழும்பு அம்மாவுக்கு ஒரு காயிதம் எழுதி, எங்களுக்கும் ஒரு வரி போட முடியுமான்னு கேட்டுப் பாருங்களேன்.”

தெரியாது என்பதற்கு ஒரு நம்பர் கண்டுபிடிக்க உலகத்துக்கு இத்தனை வருடம் ஆனது. எங்கள் ஆஸ்பத்திரியில் ‘தெரியாது’ என்பதைச் சம்பளம் வாங்கிக்கொண்டே சொல்லிக்கொண்டிருந்தோம், அதற்காக யாரும் எங்களை வேலையை விட்டு நிறுத்தவில்லை என்பதற்கு நான் இன்றும் நன்றியோடுதான் இருக்கிறேன்.